ஆயிரத்தெட்டு ஆண்டுகள் என்று எண்ணியது யார்?

கல்மண்டபம் கேட்டது:

அனைவருக்கும் வணக்கம். எல்டர் ஸ்க்ரோல்ஸ் விளையாட்டு வரிசையை நான் தலைகீழாகத் தொடங்கியவன். முதலில் ஸ்கைரிமில் பல மாதங்களைக் கழித்தேன், பிறகு மோரோவிண்டுக்குப் போனேன், இப்போது 1996 இல் வெளிவந்த டேகர்ஃபாலில் வந்து நிற்கிறேன். 2009 முதல் அது இலவசமாகவே கிடைப்பதால் தயங்கக் காரணம் இருக்கவில்லை. இந்த விளையாட்டுகளில் வாளை உருவும் நேரத்தைவிட, யாருடைய வீட்டு அலமாரியிலோ கிடக்கும் நூலைத் திறந்து வைத்துக்கொண்டு படிக்கும் நேரமே எனக்கு அதிகம்.

அப்படிப் படித்ததில்தான் டிராகன் முறிவு என்ற செய்தியில் சிக்கிக்கொண்டேன். விளையாடுபவர்கள் டிராகன் பிரேக் என்றே சொல்வோம். இங்கே முறிவு என்று எழுதுகிறேன். டாம்ரியல் கண்டத்து மக்களுக்குக் காலத்தின் கடவுள் அகடோஷ் என்னும் டிராகன். அவர் இருப்பதால்தான் நேற்றுக்குப் பின் இன்றும் இன்றுக்குப் பின் நாளையும் ஒழுங்காக வருகின்றன. அவர் முறிந்தால் நாள்களின் வரிசையும் முறிந்துவிடும். ஒன்றை ஒன்று மறுக்கும் பல நிகழ்ச்சிகள் ஒரே வேளையில் நடக்கும். காலம் மறுபடி ஒன்றுகூடும்போது, அவற்றில் எதுவும் பொய்யாகாமல் எல்லாமே நடந்தவையாக நிலைத்துவிடும். இந்தப் பேரிடர் ஒரு முறையோடு ஓய்ந்ததும் அன்று. அந்த உலகத்தின் வரலாற்றில் திரும்பத் திரும்ப வருகிறது.

அவற்றுள் மிகப் பெரியதற்கு நடு விடியல் என்று பெயர். அலெசிய சமயக் குழுவுக்குள் இருந்த கடும்போக்கினரான மாருகாட்டித் தெரிவினர், தங்கள் காலக்கடவுளுக்குள் எல்ஃப்களின் கடவுளான ஔரி-எல் கலந்திருப்பதைப் பொறுக்க முடியாமல், அந்தக் கூற்றை மட்டும் பிரித்தெடுத்து எறிய நினைத்தார்கள். அதற்காக ஒரு கோபுரத்தின் மீது சடங்கு நடனம் ஆடினார்கள்; டிராகன் முறிந்தது. முதல் யுகம் 1200 இல் தொடங்கிய அந்த முறிவு 2208 இல்தான் கூடியது என்று நூல்கள் சொல்கின்றன. அதாவது 1008 ஆண்டுகள்.

என் கேள்வி எளியது. நாள்களின் வரிசையே இல்லாதிருந்த ஒரு நிலையை 1008 ஆண்டுகள் என்று அளந்தவர் யார், எந்தக் கோலால் அளந்தார்? உடைந்த கடிகாரம் எத்தனை மணி நேரம் உடைந்திருந்தது என்பதை அந்தக் கடிகாரத்தையே பார்த்துச் சொல்ல முடியுமா? இதில் என் காதுக்கு மட்டும் கேட்கும் ஒரு வேடிக்கையும் இருக்கிறது. நாம் "வீட்டில் ஆயிரத்தெட்டு வேலை கிடக்கிறது" என்று சொல்லும்போது யாரும் எண்ணிப் பார்த்துச் சொல்வதில்லை. எண்ணி மாளாது என்பதுதான் பொருள். இதை எழுதிய அமெரிக்கர்களுக்கு நம் வழக்கு தெரிந்திருக்கும் என்று நான் சொல்லவரவில்லை. ஆனால் அந்த எண்ணைப் படித்தவுடன் எனக்குத் தோன்றியது, யாரோ எண்ணுவதைக் கைவிட்ட இடத்தில் இந்த எண் நிற்கிறது என்பதே.

கூடவே ஒரு மனத்தாங்கலும் உண்டு. எழுத்தாளர்கள் தங்கள் கதையில் விழுந்த ஓட்டையை அடைக்கப் பூசிய சுண்ணாம்புதானோ இது? அறிந்தவர்கள் சொல்லுங்கள்.

ஏட்டுப்பூச்சி எழுதியது:

அளந்தவர் யார் என்பதற்கு விளையாட்டுக்குள்ளேயே விடை இருக்கிறது, அதுவும் கொஞ்சம் திமிரான விடை. மோரோவிண்டில் ஒரு சிறு நூல் கிடைக்கும். டிராகன் முறிந்தபோது நீங்கள் எங்கே இருந்தீர்கள் என்ற ஒரே கேள்விக்கு நான்கு பேர் தந்த வாக்குமூலங்களை அடுத்தடுத்து வைத்திருக்கிறார்கள். நால்வரும் சொல்வது நான்கு வகை.

முதலில் பேசுபவர் பேரரசின் தலைநகர்ப் பகுதியைச் சேர்ந்த கோராக்ஸ். அவர் சொல்வதில் எனக்கு மிகவும் பிடித்தது மூத்த சுருள்களைப் பற்றிய செய்தி. நடந்ததும் நடக்கப்போவதும் எழுதப்பட்டிருக்கும் அந்தச் சுருள்களை, அந்துப்பூச்சிப் பூசாரிகள் இந்தக் காலப்பகுதிக்குத் திருப்பி வாசிக்க முயன்றால் எழுத்துகள் மறைந்துவிடுகின்றனவாம். சுருள்கள் அதைக் குறிப்பிடவில்லை என்று சொல்லத் தொடங்கியவர், உடனே தன்னைத் திருத்திக்கொண்டு, அவற்றால் குறிப்பிட முடியாது என்கிறார். ஆவணம் இல்லாமற்போவது ஒன்று, ஆவணம் எழுதவே இயலாமற்போவது வேறொன்று. முறிவு எத்தகைய பேரிடர் என்பதை விளக்க இந்த ஒரு திருத்தம் போதும். வெள்ளம் வந்தால் ஊர் போகும், ஏடு எங்காவது மிஞ்சும். இங்கே ஊர் அப்படியே இருக்கும், ஏடுதான் போய்விடும்.

மூன்றாவதாகப் பேசுபவர் ஒரு காஜீத், அதாவது பூனை இனத்தவர். உங்கள் கேள்விக்கு நேரான விடை அவருடையதுதான். நாங்கள் எங்கே இருந்தோமா, அதைக் குறித்துவைத்துக்கொண்டிருந்தோம் என்கிறார். மனிதர்கள் நிழல்களோடு போரிட்டுக்கொண்டும் தங்கள் தந்தையரைத் தாங்களே பெற்றெடுத்துக்கொண்டும் இருந்தபோது, காஜீத்களின் தலைவரான மேன் இரு நிலவுகளைப் பார்த்துக்கொண்டிருந்தாராம். ஏனென்றால் மாறாமல் இருந்தவை நிலவுகள் மட்டுமே. 1008 என்ற கணக்கே தங்களுடையது, மனிதர்கள் அதைத் திருடிக்கொண்டார்கள் என்பது அவர் குற்றச்சாட்டு. ஆகவே நீங்கள் கேட்ட கோல் நிலவுகள், அளந்தது பூனைகள்.

இதோடு நான் ஒன்றைச் சேர்க்க விரும்புகிறேன். இது நூலில் இல்லை, என் ஊகம். காஜீத் குழந்தை எந்த உருவத்தில் வளரும் என்பதைத் தீர்மானிப்பது அது பிறக்கும்போது மாஸர், செகுண்டா என்ற இரு நிலவுகளும் எந்தப் பிறையில் இருந்தன என்பதுதான். ஒரு வகையினர் வீட்டுப்பூனை அளவே இருப்பார்கள்; இன்னொரு வகையினர் மீது ஏறிச் சவாரி செய்யலாம். அப்படியானால் அவர்களுக்குத் தனியாக ஒரு நாட்காட்டி எதற்கு? ஒரு தெருவில் அடுத்தடுத்துப் பிறந்த குழந்தைகளை வரிசையாக நிற்கவைத்தாலே நிலவின் ஓட்டம் தெரிந்துவிடும். ஏடு எரியலாம், எழுத்து மறையலாம், ஆனால் வீட்டுப்பூனை அளவிலுள்ள அத்தையும் குதிரை அளவிலுள்ள சித்தப்பாவும் திண்ணையில் உட்கார்ந்திருக்கும்போது, அவர்கள் பிறந்த இரவுகளில் வானம் எப்படி இருந்தது என்பதை யாரும் மறுக்க முடியாது. காலக்கணக்கு அவர்கள் உடலிலேயே எழுதப்பட்டிருக்கிறது.

நிலவுகள் மட்டும் ஏன் மாறவில்லை என்பதற்கும் ஒரு பிடி கிடைக்கிறது. அவை இறந்துபோன லோர்கான் என்னும் கடவுளின் சிதைந்த உடல் என்பது அந்த உலகத்தில் வழங்கும் ஒரு கொள்கை. லோர்கான் காலக்கடவுளுக்கு எதிர்நிலையில் வைக்கப்படுபவர். டிராகனின் ஆட்சிக்குக் கட்டுப்படாத பொருள், டிராகன் முறியும்போது மட்டும் எப்படி முறியும்?

நாட்காட்டி எழுதியது:

மேலே உள்ள விளக்கத்தை ரசித்துப் படித்தேன், ஆனால் ஏற்கவில்லை. ஏனென்றால் அதே மோரோவிண்டில் அடுத்த அலமாரியில் கிடக்கும் இன்னொரு நூலை ஏட்டுப்பூச்சி குறிப்பிடாமல் விட்டுவிட்டார். அது ஃபால் ட்ரூன் என்னும் அறிஞர் எழுதிய மறுஆய்வு. நடு விடியல் என்று ஒன்று நடக்கவே இல்லை, அது கணக்குப் பிழை என்பதுதான் அவர் முடிவு.

அவர் வாதம் இப்படிப் போகிறது. மூன்றாம் யுகம் 12 இல் வெளியான ஒரு கலைக்களஞ்சியத்தின் காலவரிசையில்தான் இந்த 1008 அச்சேறியது. அதைத் தொகுத்தவருக்குப் போதிய சான்றுகள் கிடைக்கவில்லை. அலெசியர்கள் கையில் அகப்பட்ட நூலகங்களையெல்லாம் எரித்தார்கள். பிறகு நடந்த போரில் அவர்களுடைய ஏடுகளும் அழிந்தன. மிஞ்சியவற்றில் ஆண்டு என்று எழுதியிருந்ததைத் தொகுத்தவர் நம் ஆண்டு என்றே எடுத்துக்கொண்டார். ஆனால் அலெசியப் பூசாரிகள் ஆண்டு என்று குறித்தது தலைமைப் பூசாரிணி அருள்வந்து மயக்கத்தில் ஆழ்ந்திருக்கும் காலத்தை. அது சில வாரங்களும் நீடிக்கலாம், பல மாதங்களும் நீடிக்கலாம். எஞ்சிய ஏடுகளையும் கோயில் ஓவியங்களையும் வைத்துக் கணக்கிட்டால், அலெசியர் காலம் ஏறத்தாழ 150 ஆண்டுகள்தான் என்கிறார் ட்ரூன். ஒரு சமயக்குழு ஆயிரம் ஆண்டுக்கு மேல் எப்படி அசையாமல் நின்றது என்ற புதிர் எஞ்சியபோது, அதற்கு விளக்கமாகப் பிற்காலத்தார் காலம் உடைந்தது என்ற கோட்பாட்டைக் கட்டிக்கொண்டார்கள்.

கதைக்குள் வரும் இந்த வாதம் எனக்கு அந்நியமாகப் படவில்லை. ஏனென்றால் நம் கல்வெட்டுகளைப் படிப்பவர்கள் தினமும் மோதும் சுவர் இது. "கோப்பரகேசரிவர்மற்கு யாண்டு ஐந்தாவது" என்று ஒரு சோழர் கல்வெட்டு தொடங்கினால், எந்தப் பரகேசரி என்று அது சொல்வதில்லை. பரகேசரி, இராசகேசரி என்ற பட்டங்களைச் சோழ மன்னர்கள் மாறிமாறிச் சூடிக்கொண்டார்கள். அறுபது ஆண்டுச் சுழற்சியிலோ பிரபவ என்று மட்டும் ஓலையில் இருந்தால், அது எந்தப் பிரபவ என்பதைப் பேரனும் சொல்ல முடியாது. கல்வெட்டில் கிழமை, திதி, நட்சத்திரம் மூன்றும் சேர்ந்து குறிக்கப்பட்டிருந்தால் பிழைத்தோம். வானத்தைப் பின்னோக்கிக் கணக்கிட்டு நாளைப் பிடித்துவிடலாம். 700 முதல் 1799 வரையிலான ஆண்டுகளுக்கு எல். டி. சுவாமிக்கண்ணுப் பிள்ளை 1922 இல் வெளியிட்ட அட்டவணைகள் இதற்காகத்தான் இன்றும் புரட்டப்படுகின்றன. அந்த வகையில், நிலவைப் பார்த்தவனிடம் கணக்கைக் கேள் என்ற காஜீத்தின் பேச்சில் நியாயம் உண்டு. ஆனால் நிலவைப் பார்த்தேன் என்று சொல்பவர், பார்த்தபோது எழுதிய குறிப்பை ஒன்றுகூடக் காட்டவில்லையே.

ட்ரூன் சொல்வதைத் தலைகீழாக்கிய ஒருவர் நம் உலகத்திலும் இருந்தார். ஜெர்மனியின் ஹெரிபர்ட் இல்லிக், ஐரோப்பிய வரலாற்றில் 614 முதல் 911 வரையிலான ஆண்டுகள் நடக்கவே இல்லை, பின்னால் இட்டுக்கட்டிச் செருகப்பட்டவை என்று 1991 இல் வாதிட்டார். சார்லமேனே கற்பனைப் பாத்திரம் என்றார். 1582 இல் அக்டோபர் 4 ஆம் நாளுக்கு மறுநாள் 15 என்று கிரிகோரிய நாட்காட்டி பத்து நாள்களைத் தாண்டியது அல்லவா, ஜூலியஸ் சீசர் காலத்திலிருந்து கணக்கிட்டால் ஏறத்தாழ பதின்மூன்று நாள்கள் தாண்டியிருக்க வேண்டும், ஆகவே சுமார் மூன்று நூற்றாண்டுகள் இல்லாதவை என்பது அவர் காட்டிய ஆதாரம். விடை மிகச் சாதாரணமானது: அந்தச் சீர்திருத்தம் நாட்காட்டியைச் சீசர் காலத்துக்குத் திருப்பவில்லை, 325 இல் கூடிய நைசியா சபையின் காலத்துக்கே திருப்பியது. கிரகணக் குறிப்புகளும் மர வளையங்களும் அவர் வாதத்துக்கு இடமே வைக்கவில்லை. இல்லிக் இருந்த ஆண்டுகளை இல்லை என்றார். டாம்ரியலின் கலைக்களஞ்சியக்காரர் இல்லாத ஆண்டுகளை இருந்தன என்றார். இரண்டுக்கும் விதை ஒன்றே: ஏட்டில் உள்ள எண்ணை, அது எதை எண்ணியது என்று கேட்காமல் நம்புவது.

எனவே நண்பர் கல்மண்டபத்துக்கு என் விடை: 1008 என்று எண்ணியவர் ஒரு பூசாரிணியின் மயக்கங்களை எண்ணினார். உங்கள் காது சரியாகத்தான் கேட்டிருக்கிறது.

கல்மண்டபம் எழுதியது:

இருவருக்கும் நன்றி. மயக்கத்தை ஆண்டாக எண்ணிய செய்தியைப் படித்துவிட்டுச் சிறிது நேரம் சிரித்துக்கொண்டிருந்தேன். ஆனாலும் நாட்காட்டி அவர்களிடம் ஒன்று கேட்க வேண்டும். நடு விடியல் இரண்டாயிரம் ஆண்டுப் பழங்கதை; அதைப் பிழை என்று தள்ளலாம். நான் இப்போது விளையாடிக்கொண்டிருக்கும் டேகர்ஃபாலின் முடிவு அப்படியன்று. அதையும் ஒரு முறிவு என்றே சொல்கிறார்கள், அது மூன்றாம் யுகம் 417 இல் நடக்கிறது. மோரோவிண்டின் கதை 427 இல். பத்தே ஆண்டு இடைவெளி. அப்போது நடந்த போரில் கால் இழந்தவர் இன்னும் சந்தையில் உட்கார்ந்திருப்பார். அவரிடம் போய் உங்கள் நாட்காட்டியில் பிழை என்று சொல்ல முடியுமா?

தெற்குவாசல் எழுதியது:

சரியான இடத்தில் கைவைத்தீர்கள். மேற்கின் திரிபு என்று அழைக்கப்படும் அந்த நிகழ்ச்சியைப் பற்றித்தான் நானும் எழுத வந்தேன். உங்கள் இரண்டாவது மனத்தாங்கலுக்கும், அதாவது இது சுண்ணாம்புப் பூச்சா என்பதற்கும், விடை அங்கேதான் இருக்கிறது.

டேகர்ஃபாலின் கடைசியில் நம் கையில் ஒரு பொருள் வந்து சேருகிறது. ட்வெமர்கள் என்னும் மறைந்துபோன இனத்தார் கட்டிய நூமிடியம் என்னும் பித்தளைப் பேருருவை ஆட்டிவைக்கும் ஆற்றல் அதற்கு உண்டு. அதை யாரிடம் கொடுப்பது என்பது விளையாடுபவரின் விருப்பம். டேகர்ஃபால் அரசர், வேரெஸ்ட் அரசர், சென்டினல் அரசி, ஓர்க்குகளின் தலைவர், பேரரசர், மன்னிமார்கோ என்னும் பிணமந்திரவாதி, பாதாள அரசர் என்று ஏழு பேர் கை நீட்டிக்கொண்டு நிற்கிறார்கள். யாருக்குக் கொடுக்கிறோமோ அவருக்கு ஏற்ப முடிவு மாறும். 1996 இல் அது பெருமைக்குரிய செய்தியாக இருந்தது. அடுத்த விளையாட்டை எழுத உட்கார்ந்தபோதுதான் தலைவலி தொடங்கியது. ஏழில் எது உண்மை? ஒன்றைத் தேர்ந்தெடுத்தால், மற்ற ஆறு வழிகளில் நாள்கணக்காக உழைத்த எல்லோரிடமும், நீங்கள் செய்தது நடக்கவில்லை என்று சொன்னதாகிவிடும்.

அவர்கள் எதையும் தேர்ந்தெடுக்கவில்லை. நூமிடியம் எழுந்து நடந்ததால் டிராகன் முறிந்தது, எல்லா முடிவுகளும் ஒருங்கே நடந்தன என்று எழுதிவிட்டார்கள். அந்த ஆண்டின் உறைபனி மாதத்தில், நாற்பதுக்கும் மேற்பட்ட சிற்றரசுகளாகச் சிதறிக்கிடந்த இலியாக் விரிகுடாப் பகுதி, ஓரிரு நாள்களுக்குள் நான்கே அரசுகளாகிவிட்டது. ஒவ்வோர் அரசரும் தாமே வென்றதாக நம்பினார், நம்புவதற்கு நிலமும் கையில் இருந்தது. ஓர்க்குகளுக்கு அவர்கள் கேட்ட அரசுரிமை கிடைத்தது. பேரரசருக்குக் கப்பம் கட்ட எல்லோரும் ஒப்புக்கொண்டார்கள். பாதாள அரசருக்கு அவர் வேண்டிய மரணம் கிடைத்தது. அரசாங்கம் இதற்கு அமைதியின் அற்புதம் என்று பெயர் சூட்டிவிட்டு வாயை மூடிக்கொண்டது. எரிந்த வயல்களுக்கும் காணாமற்போன படைகளுக்கும் அற்புதம் என்று பெயரிடுவது எந்த உலகத்து அரசாங்கத்துக்கும் கைவந்த கலைதான்.

ஆக, பிறந்த காரணத்தைக் கேட்டால் இது சுண்ணாம்புப் பூச்சுதான். அதை மறைக்க வேண்டியதில்லை. ஆனால் பூசியவர்கள் அதோடு நிற்கவில்லை. பூச்சின் விளைவுகள் என்ன என்று அடுத்தடுத்துக் கேட்டுக்கொண்டே போனார்கள். ஏட்டுப்பூச்சி சொன்ன நால்வரின் வாக்குமூலத்தில் நான்காமவர் யார் தெரியுமா? மன்னிமார்கோ, அதுவும் புழுக்களின் கடவுளாக. இரண்டாம் யுகத்து மந்திரவாதியாக நாம் அறியும் அவர், முதல் யுகத்து நடு விடியலின்போது தானும் அங்குமிங்குமாக இருந்ததாகச் சாதாரணமாகச் சொல்கிறார். 417 இல் கடவுளாகிவிட்ட ஒருவர் எல்லாக் காலத்திலும் கடவுளாக இருந்திருப்பார் என்பதை விளக்காமலேயே காட்டிவிடும் இடம் அது. முறிவின் தர்க்கத்தை இவ்வளவு சுருக்கமாக வேறெங்கும் நான் பார்க்கவில்லை.

மோரோவிண்டுக்கு அடுத்து வந்த ஓப்லிவியனில் அந்தத் தர்க்கத்தைக் கண்ணால் பார்க்கலாம். அங்கே மலைமேல் உள்ள ஒரு பலிபீடத்தில் பெரிய ஆன்மக் கல்லை வைத்துவிட்டு, எட்டு நாளைக்கு ஒரு முறை வானிலிருந்து இறங்கும் ஒளிக்கற்றைக்காகக் காத்திருக்க வேண்டும். அந்த ஒளியில் மந்திரத்தைச் செலுத்தினால் கல் கறுத்துவிடும். நான் முதல் முறை போனபோது நாள் கணக்குத் தவறி, பனியில் நின்று ஒவ்வொரு நாளாகத் தள்ளிக்கொண்டிருந்தேன். அந்த ஒளி வருவது பிணமந்திரவாதியின் நிலவு என்று அழைக்கப்படுவதிலிருந்து; அது கடவுளாக ஏறிப்போன மன்னிமார்கோவேதான் என்று நம்புகிறார்கள். அதே விளையாட்டில் ஒரு குகைக்குள் அதே மன்னிமார்கோ உடலோடு, ஒரு சாதாரண எல்ஃபாக நிற்கிறார். சில அடிகளில் செத்தும் போகிறார். பல ரசிகர்கள் இதை எழுத்தாளர்களின் கவனக்குறைவு என்று வசைபாடினார்கள். எனக்கும் அந்தச் சண்டை ஏமாற்றமாகத்தான் இருந்தது. அவ்வளவு பெரிய பெயருக்கு அது தகுந்த சாவன்று. ஆனால் முரண் என்று சொல்ல மாட்டேன். கடவுளானதும் உண்மை, ஆகாததும் உண்மை. முறிவு என்றால் இதுதானே?

வெள்ளிமலை எழுதியது:

இழையில் இரண்டு திருத்தங்கள் தேவைப்படுகின்றன என்று நினைக்கிறேன்.

முதலாவது, நிலவுகள் மாறாதவை என்று ஏட்டுப்பூச்சி சொன்னது. நடு விடியலுக்கு அது பொருந்தலாம், ஆனால் என்றென்றைக்கும் பொருந்தாது. நான்காம் யுகம் 98 இல் இரண்டு நிலவுகளும் வானத்திலிருந்து மறைந்துவிட்டன. இரண்டு ஆண்டுகளுக்குப் பிறகே திரும்பின. வெற்றிரவுகள் என்று அதற்குப் பெயர். காஜீத்களுக்கு அது எவ்வளவு பெரிய அச்சம் என்பது, பிறக்கும் குழந்தையின் உருவமே நிலவைப் பொறுத்தது என்று படித்த பிறகுதான் எனக்கும் உறைக்கிறது. நிலவுகளை மீட்டது தாங்களே என்று தால்மோர் எல்ஃப்கள் உரிமை கொண்டாடினார்கள், காஜீத்களில் பலர் அதை நம்பினார்கள், அவர்கள் நாடே அந்த நம்பிக்கையால் இரண்டாகப் பிரிந்து எல்ஃப்களின் பக்கம் சாய்ந்தது. கடிகாரத்தைத் திருப்பிக் கொடுத்தவன் கேட்டதைக் கொடுக்க வேண்டியதாயிற்று.

இரண்டாவது, முறிவை ஊழியோடு குழப்பிக்கொள்ளக் கூடாது. இந்த இழையில் யாரும் இதுவரை குழப்பவில்லை, ஆனால் வேறு இடங்களில் தமிழில் எழுதுபவர்கள் பலர் டிராகன் முறிவைப் பிரளயம் என்றே எழுதுவதைப் பார்க்கிறேன். அந்த உலகத்துக்கு ஊழியும் தனியாக உண்டு. அதற்கு அவர்கள் வைத்துக்கொண்ட சொல் நம்மிடமிருந்து போனதுதான்: கல்பம். ஸ்கைரிமில் வரும் ஆல்டுயின் என்னும் டிராகன் உலகத்தை விழுங்கி ஒரு கல்பத்தை முடிக்க வந்தவன். ஊழியில் ஒரு சுற்று முடிந்து அடுத்த சுற்று தொடங்கும். எது முன், எது பின் என்பதில் ஐயமே இல்லை. முறிவிலோ உலகம் முடிவதில்லை, முன் பின் என்பதுதான் போய்விடுகிறது. அதேபோல ஸ்கைரிமில் உலகின் தொண்டை என்னும் மலையுச்சியில் இருக்கும் காலக்காயமும் முறிவன்று. பண்டை வீரர்கள் மூவர் ஒரு மூத்த சுருளைக் கொண்டு ஆல்டுயினைக் காலத்தின் முன்திசையில் எறிந்தபோது ஏற்பட்ட ஓர் இடத்துக் கிழிசல் அது. அதன் அருகில் காற்று நெளிவதைப் பார்க்கலாம். துணியில் விழுந்த ஓட்டைக்கும், நெய்த இழைகள் எல்லாம் பிரிந்து பந்தாகிப் போவதற்கும் உள்ள வேறுபாடு என்று வைத்துக்கொள்ளுங்கள்.

முதல் யுகம் 700 இல் செம்மலையில் நடந்த போரையும் சிலர் முறிவுப் பட்டியலில் சேர்க்கிறார்கள். ட்வெமர் இனமே ஒரு கணத்தில் மறைந்ததும், அந்தப் போரில் எல்ஃப்களின் படைத்தலைவராக இருந்த நெரெவார் எப்படி இறந்தார் என்பதில் ஒருவர் சொல்வது மற்றவர் சொல்வதோடு ஒட்டாததும் அவர்கள் காட்டும் சான்றுகள். எனக்கு அதில் தயக்கம் உண்டு. கொலை செய்தவர்கள் ஆட்சிக்கு வந்துவிட்டால், வாக்குமூலங்கள் முரண்படுவதற்குக் காலம் உடைய வேண்டிய அவசியம் இல்லை.

ஏட்டுப்பூச்சி எழுதியது:

வெற்றிரவுகள் பற்றிய திருத்தத்தை ஏற்கிறேன். என் திண்ணை அத்தையும் சித்தப்பாவும் அந்த இரண்டு ஆண்டுகளில் பிறக்காமல் இருந்தால் சரி.

நாட்காட்டி அவர்களுக்கு மட்டும் ஒரு குறிப்பு. ஃபால் ட்ரூன் என்ற பெயரில் அந்த உலகத்தில் இன்னொரு நூலும் உண்டு. நிலவுகள் லோர்கானின் உடல் என்ற கொள்கையை விளக்கும் நூலே அது. நான் என் ஊகத்துக்குத் துணையாகப் பிடித்துக்கொண்ட கயிறும், நீங்கள் அதை அறுக்க எடுத்த கத்தியும் ஒரே ஆளுடையவை.

அதைவிட முக்கியமானது, அவருடைய மறுஆய்வை நீங்கள் எந்த ஆண்டில் நின்று படித்தீர்கள் என்பது. மோரோவிண்டின் கதை நடப்பது மூன்றாம் யுகம் 427 இல். அப்போது ஏழாம் யூரியல் அரியணையில் இருக்கிறார். செப்டிம் வம்சம் முடிவது 433 இல்தான். ட்ரூன் தம் நூலைத் தொடங்குவதே மூன்றாம் யுகத்தின் பிற்பகுதி எப்படிப்பட்ட காலமாக இருந்தது என்று சொல்லித்தான். அந்த வம்சத்தின் வீழ்ச்சியை அவர் முடிந்துபோன செய்தியாகக் குறிப்பிடுகிறார். 427 இல் ஒருவர் வீட்டு அலமாரியில் அந்த நூல் எப்படி இருக்க முடியும்? காலம் உடையவே இல்லை என்று நிறுவும் நூல், தான் எழுதப்படுவதற்கு முன்பே அச்சாகி, அங்கே தூசி படிந்து கிடக்கிறது. எழுத்தாளர்கள் தெரிந்தே இப்படி வைத்தார்கள் என்றே எனக்குத் தோன்றுகிறது.

நாட்காட்டி எழுதியது:

இதை நான் கவனித்ததே இல்லை. கல்வெட்டில் காலத்துக்குப் பொருந்தாத சொல் வந்தால் பிற்காலப் படி என்று ஒதுக்குவோம்; இங்கே ஒதுக்குவதற்கு அந்தப் பிற்காலம் இன்னும் வரவில்லை. மயக்க ஆண்டுகளைப் பற்றிய வாதம் தன்னளவில் செல்லும் என்றே இப்போதும் நினைக்கிறேன். ஆனால் அதைச் சொன்ன சாட்சியைக் கூண்டில் ஏற்ற எனக்குத் துணிவில்லை.

கல்மண்டபம் எழுதியது:

ஏட்டுப்பூச்சி சொன்னதைப் படித்துவிட்டு, பழைய சேமிப்பைத் திறந்து மோரோவிண்டுக்குப் போனேன். பால்மோராவில் நான் தங்கியிருந்த வீட்டின் தரையில், விற்காமல் குவித்து வைத்திருந்த நூல்களுக்கு அடியில் ட்ரூன் கிடந்தார். முதல் பத்தியை வரிவரியாகப் பார்த்தேன். வினைச்சொற்கள் எல்லாம் இறந்தகாலத்தில்தான் இருக்கின்றன. நூலை மூடிவிட்டு வெளியே வந்தபோது இரவாகியிருந்தது, ஆற்றுக்கு மேலே இரண்டு நிலவுகளும் தெரிந்தன. சிறிய நிலவு எந்தப் பிறையில் இருக்கிறது என்று குறித்துவைத்திருக்கிறேன். நாளை இரவு மறுபடி போய்ப் பார்க்க வேண்டும்.